ஆவணப்படத்தைத் தொழிலாக்கலாமா? திருக்கோவில் தங்கச்சிக்கு ஒரு பதில்

தங்கச்சி, நீங்கள் கேட்டதைச் சுருக்கினால் இதுதான். கல்லடி விபுலானந்த அழகியற் கற்கைகள் நிறுவகத்தில் பட்டம் முடித்திருக்கிறீர்கள். சொந்த ஊர் திருக்கோவில். அளிக்கம்பைக் குறவர் மக்களையும் வாகரை வேடர்களையும் பற்றி ஆவணப்படம் எடுக்க ஆசை. அதோடு நின்றுவிடாமல், ஒதுக்கப்பட்ட மக்களைப் பற்றிப் படமெடுப்பதையே வாழ்நாள் தொழிலாக்கவும் ஆசை. வீட்டில் ஆசிரியர் நியமனத்துக்குப் போடச் சொல்கிறார்கள். எந்தக் கமரா வாங்குவது, யாரிடம் காசு கேட்பது, எங்கே தொடங்குவது, பயமில்லாமல் செய்யலாமா என்று எல்லாவற்றையும் ஒரே மூச்சில் கேட்டிருக்கிறீர்கள்.

நான் கமராக்காரன் இல்லை, படத்தொகுப்புச் செய்பவன். மற்றவர்கள் எடுத்துவரும் காட்சிகளைப் போட்டுப் பார்த்து, வெட்டி, கோர்த்துக் கொடுப்பது என் பிழைப்பு. அந்தக் கதிரையில் இருந்து பார்த்ததில் ஒரு விஷயம் எனக்கு நிச்சயம். இந்த மாதிரிப் படத்தை முதலில் யாருக்குப் போட்டுக் காட்டப்போகிறோம் என்று, எடுக்கத் தொடங்கும் முன்னரே முடிவெடுத்துவிட வேண்டும். கொழும்பில் இருக்கும் நடுவர்களுக்கா, காசு தந்த நிறுவனத்துக்கா, அளிக்கம்பைச் சனத்துக்கா? அளிக்கம்பைக்குத்தான் என்று முடிவெடுத்தால் உங்கள் மற்றக் கேள்விகள் பாதி தானாகவே தீர்ந்துவிடும்.

வாகரையை முதலில் பார்ப்போம். குஞ்சன்குளம், மதுரங்கேணி, பால்சேனை என்று அந்தப் பக்கத்தில் இருக்கிற கரையோர வேடர் தமிழ்தான் பேசுகிறார்கள். மீன், தேன், சேனைப்பயிர், கூலிவேலை என்று கிடைப்பதைச் செய்கிறார்கள். ஒருமுறை இளம் பிள்ளைகள் சிலர் அங்கே எடுத்த காட்சிகளைக் கொண்டுவந்து தந்தார்கள். ஒரு பெரியவர் வெறும் மேலோடு, கையில் வில்லுடன், பற்றைக்குள் நிற்கிறார். பின்னேர வெளிச்சம், நல்ல படம். ஆனால் ஒலியைக் கூட்டிக் கேட்டால், தொடக்கத்தில் "ஐயா, சேட்டக் கழட்டிப்போட்டு நில்லுங்க" என்று ஒரு குரல் கிடக்கிறது. வில்லை இழுக்கும்போது அவருடைய சாரன் மடிக்குள் போன் அடிக்கிறது. அவர் வில்லைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு போனை எடுத்து, "பொறுகா, இஞ்ச படம் புடிக்காங்க, மறுகா எடுக்கன்" என்கிறார். அந்தப் போன் துண்டை வெட்டிவிடச் சொன்னார்கள். அந்த மூன்று மணித்தியாலக் காட்சியில் அவர் தன் பாட்டில் கதைத்த ஒரே இடம் அதுதான் என்று சொன்னேன். அவர்களுக்கு அது பிடிக்கவில்லை.

இது புது வியாதியில்லை. 1922இல் வந்த நானூக் என்ற ஆவணப்படத்துக்காக அமெரிக்க இயக்குநர் ரொபர்ட் ஃப்ளஹர்ட்டி, துவக்கால் வேட்டையாடிக்கொண்டிருந்த இனுயிட் என்ற பனிப்பிரதேச மக்களை ஈட்டி பிடிக்கச் சொன்னார். கமராவுக்கு வெளிச்சம் போதாது என்று பனிவீட்டைப் பாதியாகக் கட்டவும் சொன்னார். நம் வேடர்களைப் பற்றி 1911இல் வந்த, மானிடவியலாளரான செலிக்மன் தம்பதியின் நூலில் கரையோர வேடருக்குத் தனி அத்தியாயமே உண்டு. அதாவது நூறு வருடத்துக்கு மேலாக யாராவது வந்து எழுதிக்கொண்டும் படம்பிடித்துக்கொண்டும் போகிறார்கள். 2004 சுனாமிக்குப் பிறகும், 2006, 2007 இடப்பெயர்வுக்குப் பிறகும் வந்த கமராக்களுக்குக் கணக்கில்லை. எடுத்தவர்கள் திரும்பி வந்து காட்டினார்களா என்று அங்கே கேட்டுப் பாருங்கள். அந்தப் பெரியவரிடம் வில்லைக் கேட்டதற்குப் பதிலாகக் காணி உறுதி இருக்கிறதா, பிறப்புச் சான்றிதழில் என்ன இனமென்று போட்டிருக்கிறது, தேனெடுக்கப் போகும் காட்டில் வன இலாகாவின் எல்லைக்கல் எங்கே நட்டிருக்கிறது என்று கேட்டிருந்தால் ஒரு படம் கிடைத்திருக்கும். பல பேருக்குச் சான்றிதழில் இலங்கைத் தமிழர் என்றுதான் இருக்கும். அதில் அவர்களுக்கு நட்டமா, நிம்மதியா என்பது வீட்டுக்கு வீடு வேறுபடும். அதற்குள்ளே போனால்தான் கதை.

அளிக்கம்பை உங்களுக்குக் கைக்கெட்டும் தூரம். ஆலையடிவேம்புப் பிரதேச செயலகப் பிரிவுக்குள் வருகிற ஊர். வீட்டுக்குள் தெலுங்கு, வெளியில் தமிழ், ஞாயிற்றுக்கிழமை கத்தோலிக்கப் பூசை. பாம்பாட்டியும் கைரேகையும் முன்னைய தலைமுறையின் தொழில். இன்றைக்கு அங்கே போய்ப் பாம்புப் பெட்டியைத் தேடினால் நீங்களும் அந்த வில்லுக்காரப் பிள்ளைகளின் வழியில்தான் போகிறீர்கள். என் யோசனை, அந்த ஊரிலேயே படித்த ஒரு பிள்ளையை ஒலிப்பதிவுக்குப் பழக்கி எடுங்கள். கிழவிகள் தங்களுக்குள் தெலுங்கில் பேசிச் சிரிப்பது உங்களுக்கு விளங்காது, அந்தப் பிள்ளைக்கு விளங்கும். மொழிபெயர்ப்பாளர் என்று ஒருவரை நாட்கூலிக்குக் கூட்டிப்போவதும் இதுவும் ஒன்றல்ல. ஊர்ப்பிள்ளை காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு நின்றால், எதைக் கேட்கக்கூடாது என்பதும் அவருக்குத் தெரிந்திருக்கும்.

பறைமேளக் கலைஞர்களைப் பற்றியும் ஒரு வரி எழுதியிருந்தீர்கள். அதில் மெதுவாகக் காலை வையுங்கள். மட்டக்களப்புப் பக்கத்தில் கோயில் சடங்குக்கும் சாவீட்டுக்கும் பறை வேண்டும், ஆனால் அடிக்கிறவர் எங்கே நிற்க வேண்டும் என்பதற்கு எழுதாத சட்டம் இன்னும் எத்தனையோ ஊரில் இருக்கிறது. பல்கலைக்கழக மேடையில் பறையைக் கொண்டாடுகிறோம், நல்லது. அந்தக் குடும்பத்துப் பையன் மட்டும் அதைத் தொட மாட்டேன் என்கிறான். ஏனென்று கேட்டால், வகுப்பில் தெரிந்துவிடும் என்பான். உங்கள் படத்தில் அவன் முகம் வந்தால், படம் முடிந்த பிறகும் அவன் அதே வகுப்புக்குத்தான் போக வேண்டும். சாதியைப் பற்றிப் படமெடுக்கக்கூடாது என்று நான் சொல்லவில்லை, எடுக்கத்தான் வேண்டும். ஆனால் அடிவாங்குகிறவரின் முகத்தை மட்டும் காட்டிவிட்டு, எல்லையைப் போட்டவர் வீட்டுப் படலையைத் தட்டாமல் திரும்பி வருகிற படங்களைத்தான் இதுவரைக்கும் அதிகம் பார்த்திருக்கிறேன். கோயிலை நிர்வகிக்கிற வண்ணக்கரிடமும் கமராவோடு போய்க் கேளுங்கள்.

இன்னும் இருக்கிறார்கள். போர்த்துக்கேயக் கிரியோல் மொழியை வீட்டில் பேசுகிற பறங்கியர், சுனாமியில் மட்டக்களப்பு டச்பாரில் பெருந்தொகையாகச் செத்துப்போனவர்கள். 1977 வன்செயலுக்குப் பிறகு மலையகத்தில் இருந்து வந்து மட்டக்களப்பு வாவிக்கு மேற்கே படுவான்கரைப் பக்கம் குடியேறி, இன்னும் 'வந்தவங்க' என்றே அழைக்கப்படுகிற குடும்பங்கள். நுண்கடன் வாரத் தவணைக்கு ஒளிந்து திரிகிற பெண்கள். எல்லாவற்றையும் எடுக்க முடியாது. ஒரே ஊரைப் பிடித்துக்கொள்ளுங்கள். ஜப்பானில் ஒகாவா ஷின்சுகே என்று ஒருவர் இருந்தார். நரிட்டா விமான நிலையத்துக்குக் காணி கொடுக்க மறுத்த சன்ரிசுக்கா விவசாயிகளை 1968 தொடக்கம் வருடக்கணக்காக எடுத்தார். பிறகு யமகத்தாவில் மகினோ என்ற கிராமத்துக்குக் குழுவோடு குடிபோய், தாங்களே நெல் விதைத்துக்கொண்டு அந்த ஊரைப் படமாக்கினார்கள். அந்த அளவுக்கு நீங்கள் போகத் தேவையில்லை. அளிக்கம்பைக்குத் திருக்கோவிலில் இருந்து மோட்டார் சைக்கிளிலேயே போய்வரலாம், அது பெரிய வசதி.

அந்த ஊருக்கே முதலில் காட்டுவது எப்படி நடக்கும் என்பதற்கு நான் அடிக்கடி சொல்கிற உதாரணம் கனடாவின் ஃபோகோ தீவு. மீன்பிடி படுத்துவிட்டது, சனத்தை வேறிடத்தில் குடியேற்றலாமென்று அரசு யோசித்துக்கொண்டிருந்த காலம். 1967இல் தேசிய திரைப்பட சபையின் கொலின் லோ அங்கே போய் 27 குறும்படங்கள் எடுத்தார். எடுத்ததை முதலில் பேசியவர்களுக்கே போட்டுக் காட்டி, அவர்கள் சரியென்ற பிறகுதான் மற்ற ஊர்களுக்குக் காட்டினார்கள். தீவுக்குள்ளேயே ஒருவரோடொருவர் அதிகம் பேசிக்கொள்ளாத ஊர்க்காரர், அடுத்த ஊர்க்காரருக்கும் இதே கஷ்டம்தான் என்று திரையில் கண்டார்கள். பிறகு அதிகாரிகளுக்குக் காட்டி, அவர்களின் பதிலையும் படமாக்கிக் கொண்டுவந்து தீவாருக்குப் போட்டார்கள். தீவார் இடம்பெயரவில்லை, கூட்டுறவுச் சங்கம் அமைத்துப் படகு கட்டினார்கள். படம் மட்டும் அதைச் செய்தது என்று சொல்வது மிகை. ஆனால் படம் இல்லாமல் அந்தப் பேச்சு நடந்திருக்காது.

நம்மிடம் இதைச் செய்ய ஒரு வெள்ளைச் சீலையும் வாடகைப் புரொஜெக்டரும் போதும். பொதுநோக்கு மண்டபத்திலோ கோயில் வீதியிலோ போடலாம். ஆனால் எல்லோருக்கும் போடுவதற்கு முன்னர், படத்தில் வருகிறவர்களுக்குத் தனித்தனியாக லெப்டொப்பில் காட்டுங்கள். நுண்கடனைப் பற்றி மனந்திறந்து பேசிய ஓர் அம்மாவுக்கு அப்படிக் காட்டிய நேரம் நானும் பக்கத்தில் இருந்தேன். கணவன் விட்டுட்டுப் போனது, கடன்காரர் வாசலில் வந்து இருந்தது, நகை அடகு போனது எல்லாவற்றையும் அசையாமல் பார்த்தார். கடைசியில் திரையைத் தொட்டு, "கதையெல்லாம் இருக்கட்டும் மனே, பின்னால சுவரில என்ட மகள்ட படம் தெரியுது, அவளுக்குக் கலியாணம் பேசுறம், அத மட்டும் மறைச்சி விடுங்க" என்றார். அந்தச் சட்டகத்தை எத்தனையோ தடவை நிறுத்தி நிறுத்திப் பார்த்தவன் நான், எனக்கு அந்தப் புகைப்படம் கண்ணில் படவேயில்லை. ஆபத்து எங்கே இருக்கிறது என்பது அந்த வீட்டாருக்குத்தான் தெரியும்.

ஆகவே சம்மதம் என்பதை ஒரு கடதாசியில் கையெழுத்து வாங்குவதோடு முடிக்காதீர்கள். எடுக்கும்போது ஒருமுறை, முதல் வெட்டு முடிந்ததும் ஒருமுறை, இணையத்தில் ஏற்றுவதற்கு முன் ஒருமுறை. மூன்றாவது மிக முக்கியம். மண்டபத்தில் போட ஓம் என்றவர், சவூதியில் இருக்கிற மருமகன் போனில் பார்ப்பதற்கும் ஓம் என்று சொன்னதாக எடுக்க முடியாது. யூடியூபில் போனதைத் திருப்பி எடுக்க ஏலாது என்று விளங்கப்படுத்துங்கள். காணாமல் ஆக்கப்பட்டவர்களின் தாய்மார், முன்னாள் போராளிகள், இவர்களிடம் இன்னும் கவனம். வெட்டி எறிந்த காட்சிகளும் உங்கள் ஹார்ட் டிஸ்க்கில் பேரோடும் ஊரோடும் கிடக்கும். அதற்குக் கடவுச்சொல் போடுங்கள், கோப்புகளுக்கு ஆட்களின் பெயரை வைக்காதீர்கள்.

அவ்வளவு பார்த்துச் செய்தும் சண்டை வரலாம். உத்தரப் பிரதேசத்தில் தலித் பெண்கள் நடத்தும் கபர் லஹரியா என்ற செய்தி நிறுவனத்தைப் பற்றிய ஆவணப்படம் 2022இல் ஒஸ்கார் பரிந்துரை வரைக்கும் போனது. விருது விழாவுக்குக் கொஞ்ச நாளைக்கு முன்னர் அந்தப் பெண்களே அறிக்கை விட்டார்கள்: படம் மனதைத் தொடுகிறது, ஆனால் எங்கள் வேலையின் ஒரு பக்கத்தை மட்டும் காட்டுகிறது, அது முழுமையான நாங்கள் இல்லை என்று. எடுத்தவர்கள் கெட்டவர்கள் என்று இதற்கு அர்த்தமில்லை. வருடக்கணக்காகக் கூடவே இருந்து எடுத்தாலும், தொண்ணூறு நிமிடத்துக்குள் ஒரு கதையாக அடைக்கும்போது யாரோ ஒருவர் வெளியில் நிற்கவேண்டி வரும். அதை யார் தீர்மானிக்கிறார்கள் என்பதுதான் கேள்வி. முதுமலை யானைக்குட்டிகளைப் பற்றிய படம் 2023இல் ஒஸ்கார் வாங்கிய அதே வருடம், அதில் வந்த தம்பதி பணவிஷயத்தில் முறைப்பாடு சொன்னார்கள், தயாரித்தவர்கள் மறுத்தார்கள். யார் பக்கம் நியாயம் என்று தீர்ப்புச் சொல்ல நான் ஆளில்லை. உங்களுக்கு வேண்டியது அதிலிருந்து ஒன்றுதான்: காசுக் கதையை முதல் நாளே, நாலு பேருக்கு முன்னால் கதைத்துவிடுங்கள். பேசுவதற்குக் காசு கொடுக்காதீர்கள், கொடுத்தால் நீங்கள் விரும்புவதைத்தான் சொல்வார்கள். ஆனால் உங்களுக்காகத் தோணி இறக்காமல் நின்ற நாளுக்குரிய கூலி கொடுக்க வேண்டும். பரிசு கிடைத்தால் என்ன செய்வது என்பதையும் சேர்த்துப் பேசுங்கள். கிடைக்காத பரிசைப் பற்றிக் கதைப்பது சிரிப்பாக இருக்கும், பரவாயில்லை.

இனி உங்கள் பிழைப்பு. ஆவணப்படத்தால் மட்டும் அடுப்பெரிக்கிற ஆள் எனக்குத் தெரிய மட்டக்களப்பு, அம்பாறை இரண்டு மாவட்டத்திலும் இல்லை. கலியாண வீடியோ, சாமத்திய வீட்டு வீடியோ, படத்தொகுப்பு, வகுப்பு, என்ஜிஓ வேலை என்று நாலு வாய்க்காலில் தண்ணீர் கட்டித்தான் வயல் விளைகிறது. கலியாண வீடியோவைக் கேவலமாக நினைக்காதீர்கள். திரும்ப நடக்காத ஒரு விஷயத்தை, யாரையும் நிறுத்திவைக்காமல் எடுக்க அதைவிட நல்ல பயிற்சி இல்லை. தாலி கட்டும்போது 'இன்னொருக்காக் கட்டுங்க' என்று சொல்ல முடியாதே.

என்ஜிஓ படங்களைச் செய்யுங்கள், காசு வரும். ஆனால் அதை உங்கள் படத்தோடு கலக்காதீர்கள். அவர்களுக்கு வேண்டியது முதலில் கண்ணீர், நடுவில் கோழிக்கூடோ தையல் மெசினோ, கடைசியில் சிரிப்பும் இலச்சினையும். அது கணக்குக் காட்டுவதற்கு எடுக்கிற படம். அதற்குரிய கூலியை வாங்கிக்கொண்டு போக வேண்டியதுதான். ஒப்பந்தத்தில் மட்டும் எடுத்த காட்சிகள் யாருக்குச் சொந்தம் என்ற வரியைப் பார்த்துக் கையெழுத்திடுங்கள். நல்ல ஒரு பேட்டியை எடுத்துவிட்டு, அது நிறுவனத்தின் அலுமாரிக்குள் பூட்டிக் கிடப்பதைப் பார்த்துப் புழுங்குகிறவர்கள் எத்தனையோ பேர்.

வெளிநாட்டு நிதிக்குக் கதவுகள் இருக்கின்றன. ஆம்ஸ்ரடாமில் நடக்கிற இட்பா (IDFA) ஆவணப்பட விழாவின் பேர்தா நிதியம் நம்மைப் போன்ற நாடுகளுக்கென்றே இருக்கிறது. கொல்கத்தாவின் டொக்எட்ஜ், திட்டத்தை முன்வைத்துப் பேசப் பழகவும் தயாரிப்பாளர்களைச் சந்திக்கவும் நல்ல இடம். படம் முடிந்தால் காத்மண்டுவில் 1997 தொடக்கம் நடக்கிற பிலிம் சவுத்ஏசியா, யமகத்தா ஆவணப்பட விழா, நம் பக்கத்தில் 2015இல் தொடங்கிய யாழ்ப்பாண சர்வதேச சினிமா விழா என்று அனுப்பலாம். இவை எதற்கும் முதற்படமே போய்ச் சேரும் என்று நம்பாதீர்கள். இன்னொன்று, வெளிநாட்டு மேசைகளில் 'உங்கள் கதாநாயகி யார்?' என்று கேட்பார்கள். ஊரே பாத்திரமாக இருக்கிற படத்துக்கு ஒரு கதாநாயகியைக் கண்டுபிடித்துக் கொடுக்கும் அவசரத்தில்தான் மற்றவர்கள் படத்தில் இருந்து காணாமல் போகிறார்கள்.

கமராவுக்குப் பெரிய பதில் இல்லை. கையில் இருக்கிற கமராவோ நல்ல போனோ போதும், மிச்சக் காசை ஒலிக்குக் கொடுங்கள். சட்டையில் குத்துகிற லேபல் மைக் ஒன்று, நீட்டிப் பிடித்துப் பேச்சை எடுக்கிற துப்பாக்கி மைக் ஒன்று, அதற்குக் காற்றை மறிக்கிற மயிர் உறை. எங்கள் கரையில் சோளகம் அடிக்கிற மாதங்களில் உறையில்லாத மைக்கில் காற்றைத் தவிர ஒன்றும் விழாது. மங்கிய படத்தைச் சனம் பொறுத்துக்கொள்ளும், கேட்காத பேச்சைப் பொறுக்காது. காட்சிகளை இரண்டு டிஸ்க்கில் பிரதி எடுத்து, ஒன்றை வேறு வீட்டில் வையுங்கள்.

அனுமதி விஷயத்தில், ஊருக்குள் போக முதல் கிராம உத்தியோகத்தருக்கும் ஊர்ச் சங்கத்துக்கும் சொல்லுங்கள். அளிக்கம்பையில் பாதருக்கும் சொல்ல வேண்டும். வனம், வனசீவராசிகள், தொல்பொருள் திணைக்களங்களின் இடங்களில் எழுத்துமூல அனுமதி வேண்டும். ட்ரோன் பறக்கவிட சிவில் விமான சேவைகள் அதிகார சபையில் பதிவு வேண்டும், அது இல்லாமல் பறக்கவிட்டுக் கமராவைப் பறிகொடுக்காதீர்கள். பொதுத்திரையிடலுக்கு 1912ஆம் ஆண்டுக் கட்டளைச் சட்டத்தின்கீழ் தணிக்கைச் சபை இன்னும் இருக்கிறது என்பதையும் ஞாபகத்தில் வையுங்கள். காணி, குடிநீர், வீட்டுத்திட்டம் பற்றிப் படமெடுப்பதாக இருந்தால் 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தைப் பயன்படுத்துங்கள். பிரதேச செயலகத்துக்கு ஒரு விண்ணப்பம், 14 வேலை நாட்களுக்குள் தருவதா இல்லையா என்று அவர்கள் முடிவு சொல்லியாக வேண்டும். இளம் படைப்பாளிகள் இதைக் கைவிட்டுவிட்டு, அதிகாரி பேட்டி தரவில்லை என்று புலம்புகிறார்கள். அவர் கையெழுத்திட்ட கடிதமே திரையில் அவரைவிட நன்றாகப் பேசும்.

பயம் பற்றி. உங்கள் அப்பா பயப்படுவதில் நியாயம் இருக்கிறது. ஊடகவியலாளர் நடேசன் 2004 மே 31இல் மட்டக்களப்பு நகரில் சுட்டுக்கொல்லப்பட்டதை அந்தத் தலைமுறை மறக்கவில்லை. இன்றைய நிலைமை அதுவல்ல, ஆனால் ஒன்றுமில்லை என்றும் சொல்ல மாட்டேன். மட்டக்களப்பில் காணிப் பிணக்கில் இருக்கிற மயிலத்தமடு, மாதவனை மேய்ச்சல் தரைக்கு 2023 ஆகஸ்டில் போன மதத் தலைவர்களையும் ஊடகவியலாளரையும் ஒரு கூட்டம் மணிக்கணக்காகத் தடுத்து வைத்தது. அடுத்த மாதம்தான் சித்தாண்டியில் அந்த மேய்ச்சல் தரைக்கான பண்ணையாளர் போராட்டம் தொடங்கியது. அப்படிப்பட்ட இடம் உங்கள் முதற்படத்துக்கு வேண்டாம். எங்கே போனாலும் வீட்டாருக்கும் நம்பிக்கையான இன்னொருவருக்கும் சொல்லிவிட்டுப் போங்கள். விசாரிக்க வருகிறவர்களிடம் மறைக்காமல், படத்தின் சுருக்கத்தை மூன்று மொழியிலும் ஒரு தாளில் அடித்து வைத்துக்கொண்டு அதையே நீட்டுங்கள். அம்பாறையில் தமிழ் ஊரும் முஸ்லிம் ஊரும் வேலிக்கு வேலி இருக்கிறது. ஒரு பக்கத்துக் காணிக் கதையை எடுக்கும்போது மற்றப் பக்கத்தில் ஒருவரிடமாவது கேட்காமல் எடுத்தால், உங்கள் படம் யாரோ ஒரு கட்சியின் தேர்தல் துண்டாக முடியும்.

கடைசியாக ஆசிரியர் நியமனம். வீட்டாரோடு சண்டை பிடிக்காமல் விண்ணப்பியுங்கள், கிடைத்தால் எடுங்கள். ஒன்றரை மணிக்குப் பள்ளிக்கூடம் விடும். வழமையாக ஏப்ரல், ஓகஸ்ட், டிசம்பரில் விடுமுறை வரும். மாதச் சம்பளம் இருந்தால், பிடிக்காத நிறுவனத்துக்கு மாட்டேன் என்று சொல்ல முடியும். அரச ஊழியர் ஊடகத்தில் கருத்துச் சொல்வதை அவர்களுக்கான விதித்தொகுப்பான தாபனக் கோவை கட்டுப்படுத்துகிறது, அதை வாசித்து வையுங்கள். அரசாங்க அலுவலகத்தோடு நேரே மோதுகிற கதை என்றால் கொஞ்சம் யோசிக்க வேண்டிவரும், அதையும் மறைக்கவில்லை. ஆனால் புதிய நியமனக்காரரைப் பெரும்பாலும் கஷ்டப் பிரதேசத்துக்குத்தான் போடுவார்கள். எல்லோரும் எம்பி வீட்டு வாசலில் நின்று இடமாற்றம் கேட்கிற அந்த ஊர்கள்தான் நீங்கள் கமராவோடு போக ஆசைப்படுகிற ஊர்கள். கல்குடாக் கல்வி வலயத்தில் வாகரைப் பக்கம் போட்டார்கள் என்றால் சந்தோசமாகப் பாரமெடுங்கள். முதல் இரண்டு பள்ளித் தவணைக்குக் கமராவை வெளியில் எடுக்க வேண்டாம்.